மாதுளை சர்பத்: வெடித்த பழத்துக்கும் விலை உண்டு

மழைக்காலம் நெருங்கினால் மாதுளை பயிரிட்ட சிறு விவசாயிக்கு வயிற்றில் புளியைக் கரைக்கும். பல நாள் காய்ந்து கிடந்த நிலத்தில் ஒரே இரவில் பெருமழை கொட்டினால், பறிக்கும் பருவத்தில் இருந்த பழங்கள் விடிவதற்குள் மரத்திலேயே வெடித்து நிற்கும். உள்ளே முத்துக்கள் சிவந்து சாறு நிரம்பியிருக்கும். ருசியிலும் குறைவிருக்காது. ஆயினும் மண்டியில் அந்தப் பழத்துக்கு மதிப்பில்லை. வியாபாரி அதைக் கழிவு என்று ஒதுக்கிவிட்டு, மனம் வந்தால் ஒரு விலை சொல்வார். அந்த விலை வண்டிக்கூலிக்குக்கூடக் காணாது என்று வரப்போரம் கொட்டிவிடுவோர் பலர்.

இது தவிர்க்கக் கூடிய நஷ்டம். வெடித்த அன்றே பழத்தைப் பறித்து, சுத்தமாகச் சாறெடுத்து, புதினா சேர்த்துப் பாகாகக் காய்ச்சி வைத்தால் அந்தப் பழத்துக்கும் விலை உண்டு. இதற்கு ஆலையோ இயந்திரமோ வேண்டியதில்லை. வீட்டு அடுப்பும், எவர்சில்வர் பாத்திரமும், சுத்தமான துணியும், கண்ணாடி பாட்டிலும் போதும்.

குவளைக்குள் யாருடைய விளைச்சல்?

மாதுளையும் புதினாவும் சேர்ந்த பானத்துக்குப் பெரிய நகரங்களில் இப்போது நல்ல மவுசு. மதுக்கூடங்களில் இவற்றை ரம்முடன் கலந்து கொடுக்கிறார்கள். ரம்மில் புதினா, எலுமிச்சை, சர்க்கரை, சோடா கலக்கும் வழக்கம் கியூபா நாட்டிலிருந்து உலகெங்கும் பரவியது. அதோடு மாதுளைச் சாற்றையும் சேர்ப்பது இன்றைய நாகரிகம். வீட்டிலேயே இதைக் கலந்து கொள்வோரும் உண்டு.

அந்தக் குவளைக்குள் இருப்பவற்றைச் சற்று எண்ணிப் பார்க்க வேண்டும். ரம் என்பது கரும்பாலைக் கழிவுப்பாகைப் புளிக்க வைத்து வடிப்பது. எனவே கரும்பு, மாதுளை, புதினா, எலுமிச்சை ஆகிய நான்குமே விவசாயியின் நிலத்தில் விளைந்தவை. ஆனால் விவசாயிக்குக் கிடைப்பது கிலோக் கணக்கில் ஒரு விலை. குவளைக் கணக்கில் வரும் விலை வேறொருவர் கல்லாவுக்குப் போகிறது.

அந்தப் பானத்தின் சிவப்பு நிறமும் புளிப்பு கலந்த இனிப்பும் மாதுளை தருபவை. வாசனையும் குளிர்ச்சியும் புதினா தருபவை. ரம் முக்கியமாகச் சேர்ப்பது போதையைத்தான். நம் நாட்டு ரம்மில் வழக்கமாக 42.8 சதவீதம் சாராயம் இருக்கிறது. பழச்சாற்றின் இனிப்பு அதன் காரத்தை மறைத்துவிடுவதால் குடிப்பவருக்கு அளவு தெரிவதில்லை. சிவப்பாக, இனிப்பாக இருக்கும் குவளையைச் சர்பத் என்று எண்ணிக் குழந்தை எடுத்துக் குடித்துவிடும் அபாயமும் வீட்டில் உண்டு. ரம்மை நீக்கிவிட்டால் பானத்தின் ருசி போய்விடாது. மீதியுள்ள மூன்றையும் விவசாயக் குடும்பம் தன் கையாலேயே பக்குவப்படுத்தி விற்கலாம் என்பதுதான் இங்கே கவனிக்க வேண்டியது.

மற்ற இடங்களில் செய்வது

இது புதிய யோசனை அல்ல. இமாசலப் பிரதேச மலைகளில் தானாக வளரும் காட்டு மாதுளை கடும் புளிப்பு. பழமாகத் தின்ன ஆகாது. அங்குள்ள மக்கள் அதன் முத்துக்களை உலர்த்தி 'அனார்தானா' என்ற பெயரில் விற்கிறார்கள். வடநாட்டுச் சமையலில் நாம் புளி சேர்ப்பது போல அதைச் சேர்க்கிறார்கள். பழமாக விலை போகாதது சரக்காக விலை போகிறது.

மேல்நாடுகளில் பானங்களில் கலக்கும் 'கிரெனடின்' என்ற சிவப்புப் பாகு ஒன்று உண்டு. பிரெஞ்சு மொழியில் மாதுளைக்கு உள்ள பெயரிலிருந்து வந்தது இச்சொல். ஆதியில் அது மாதுளைச் சாற்றில்தான் காய்ச்சப்பட்டது. இன்று கடையில் கிடைக்கும் பலவற்றில் மாதுளை பெயருக்குக்கூட இல்லை. சர்க்கரையும், நிறமும், எசன்சும்தான். உண்மையான மாதுளைப் பாகைத் தரக்கூடியவர் பழம் வைத்திருக்கும் விவசாயியே.

எந்தப் பழம் ஆகும்?

வெடித்த பழம் எல்லாம் சாற்றுக்கு ஆகும் என்று நினைப்பது தவறு. வெடித்த அன்றோ மறுநாளோ பறித்த பழம்தான் ஆகும். புழு துளைத்த பழம், உள்ளே கறுத்த பழம், பூசணம் பிடித்த பழம், எறும்பும் ஈயும் மொய்த்த பழம் ஆகியவற்றைத் தயங்காமல் ஒதுக்க வேண்டும். கெட்ட பகுதியை மட்டும் அரிந்துவிட்டு மீதியைச் சேர்க்கவும் கூடாது. ஓர் அழுகல் பழம் ஓர் அண்டா சாற்றைக் கெடுத்துவிடும். வெடித்த பிறகு பூச்சி மருந்து தெளிக்கப்பட்ட பழத்தில் மருந்து நேரே முத்தின் மேல் பட்டிருக்கும் என்பதால் அது அறவே ஆகாது. மற்ற பழங்களிலும் மருந்து தெளித்தபின் இத்தனை நாள் கழித்தே பறிக்க வேண்டும் என்று மருந்துப் புட்டியில் உள்ள கெடுவை மீறக் கூடாது.

புதினாவுக்குத் தனி நிலம் வேண்டாம். தண்ணீர்த் தொட்டி ஓரத்திலோ வாய்க்கால் ஓரத்திலோ நல்ல தண்டுகளை நட்டுவிட்டால் ஈரத்தில் படர்ந்துவிடும். சாக்கடை நீர் பாயும் இடத்தில் மட்டும் வைக்கக் கூடாது.

செய்முறை

பழங்களை நன்கு கழுவித் துடைத்து, முத்துக்களை உதிர்க்க வேண்டும். வெண்ணிறச் சவ்வும் தோலும் சிறிதும் சேரக் கூடாது. அவற்றில் உள்ள துவர்ப்பு சாறு முழுவதையும் கசக்க வைத்துவிடும். முத்துக்களைச் சுத்தமான துணியில் கட்டிப் பிழியலாம். மிக்சியில் போடுவதானால் ஓரிரு சுற்றுக்கு மேல் கூடாது. விதை உடைந்தால் கசப்பு ஏறும். இரும்புப் பாத்திரத்தில் சாறு கறுத்துவிடும். பித்தளையும் வேண்டாம்.

பத்து கிலோ பழத்தில் ஏறத்தாழ மூன்றரை லிட்டர் சாறு எதிர்பார்க்கலாம். வடிகட்டிய சாறு ஒரு லிட்டருக்குச் சர்க்கரை ஒன்றரை கிலோ, எலுமிச்சம்பழம் நான்கு, புதினா இலை ஒரு பெரிய கைப்பிடி என்ற அளவு சரியாக இருக்கும். சாற்றையும் சர்க்கரையையும் எலுமிச்சைச் சாற்றையும் சேர்த்து மிதமான தீயில் கிளறிக்கொண்டே சூடாக்க வேண்டும். சர்க்கரை கரைந்து, நன்றாக ஆவி பறந்து, கொதிக்கப் போகும் தறுவாயில் இறக்கிவிட வேண்டும். வெப்பமானி இருந்தால் 85 டிகிரி. தளதளவென்று கொதிக்கவிட்டால் நிறமும் மணமும் போய்விடும்.

இறக்கிய பாகில் கழுவிய புதினாவைக் கசக்கிப் போட்டு, பத்து நிமிடம் மூடி வைக்க வேண்டும். புதினாவை அடுப்பில் வேகவிடக் கூடாது. பின்பு வடிகட்டி, மறுபடியும் ஆவி பறக்கச் சூடாக்கி, வெந்நீரில் அரை மணி நேரம் கொதிக்க வைத்துக் கவிழ்த்த பாட்டில்களில் சூட்டோடு ஊற்றி மூட வேண்டும். பாட்டிலும் சூடாக இருந்தால்தான் விரிசல் விடாது. ஒரு லிட்டர் சாற்றுக்கு ஏறக்குறைய இரண்டு லிட்டர் பாகு கிடைக்கும். குடிக்கும்போது ஒரு பங்கு பாகுக்கு நான்கு பங்கு குளிர்ந்த நீர் சேர்த்து, மேலே இரண்டு புதினா இலையைக் கிள்ளிப் போட்டால் போதும்.

புளித்தால் நஷ்டம்

சாற்றைச் சூடாக்காமல் இரவு முழுவதும் வைத்துவிட்டுக் காலையில் பார்த்துக்கொள்ளலாம் என்பது பலர் செய்யும் தவறு. பழத்தோலில் இயற்கையாகவே உள்ள ஈஸ்ட் என்னும் நுண்ணுயிர் சாற்றின் இனிப்பைத் தின்று சாராயமாக்கத் தொடங்கிவிடும். அரைகுறையாகச் சூடாக்கிய சாற்றை மூடி வைத்தால் உள்ளே காற்று பொங்கிப் பாட்டிலே வெடிக்கலாம். நுரை கண்ட பாட்டிலை விற்கவும் கூடாது, வீட்டில் கொடுக்கவும் கூடாது. புளித்ததை மதுவாகவே விற்றால் என்ன என்ற எண்ணம் யாருக்கும் வர வேண்டாம். உரிமமின்றி மது தயாரிப்பது 1937ஆம் ஆண்டின் தமிழ்நாடு மதுவிலக்குச் சட்டப்படி குற்றம்.

வீட்டு உபயோகத்துக்கு எடுத்த பாகைக் குளிர்பதனப் பெட்டியில் வைத்துப் பயன்படுத்தலாம். விற்பனைக்காக நீண்ட நாள் வைப்பதானால் சோடியம் பென்சோயேட் என்ற பாதுகாப்புப் பொருள் ஒரு கிலோ பாகுக்கு 0.6 கிராமுக்கு மிகாமல் சேர்க்கலாம். எலுமிச்சை ஸ்குவாஷுக்குப் போடும் பொட்டாசியம் மெட்டாபைசல்பைட் மாதுளைக்கு ஏற்றதல்ல. அது சிவப்பு நிறத்தை வெளுக்கச் செய்துவிடும். கையளவில் இவற்றைப் போடாமல் நுண்ணிய தராசில் நிறுத்தே சேர்க்க வேண்டும்.

கணக்கு எழுதிப் பார்க்க வேண்டும்

"பழம் பறிக்கவே ஆள் இல்லை, முத்து உதிர்க்க ஆளுக்கு எங்கே போவது?" என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. பத்து கிலோ பழத்தை உதிர்த்துப் பிழிய இருவருக்கு ஒரு காலைப்பொழுது பிடிக்கும். டன் கணக்கில் வெடித்த பழத்துக்கு இது வழியாகாது. நல்ல பழத்தை இதற்காக உடைப்பதும் புத்திசாலித்தனமல்ல. முழுப் பழத்துக்கு மண்டியில் கிடைக்கும் விலையே மேல். கூடையில் கொட்டிப் போகும் பத்து, இருபது கிலோவுக்குத்தான் இந்த வழி.

அந்தப் பத்து கிலோவில் ஏழு லிட்டர் பாகு ஆகிறது. தம்ளருக்கு 50 மில்லி வீதம் 140 தம்ளர் சர்பத். செலவுப் பக்கத்தில் ஐந்தேகால் கிலோ சர்க்கரை, எலுமிச்சை, எரிபொருள், பாட்டில், இருவரின் காலைநேரக் கூலி ஆகியவற்றை ஒளிக்காமல் எழுத வேண்டும். வரவுப் பக்கத்தில் உள்ளூர் விலையைப் போட்டு, அதே பத்து கிலோவுக்கு வியாபாரி சொன்ன விலையோடு ஒப்பிட்டால் விடை தானே தெரியும். வீட்டுப் பெண்களின் உழைப்புக்குக் கூலி போடாமல் லாபக் கணக்குப் பார்ப்பது கணக்கே அல்ல. உதிர்த்த தோலை நிழலில் உலர்த்தினால் நாட்டு மருந்துக் கடைகளில் அதற்கும் கிராக்கி உண்டு.

ஊர்த் திருவிழா, வாரச்சந்தை, உழவர் குழுக்கள், அருகிலுள்ள கடைகள் என்று சிறிய இடங்களில் தொடங்குவது நல்லது. விற்பவர் எவ்வளவு சிறியவரானாலும் உணவுப் பாதுகாப்புத் துறையில் பதிவு செய்துகொண்டு, பாட்டிலில் தயாரித்த தேதியையும் சேர்த்த பொருள்களையும் எழுத வேண்டும். பாகில் பாதிக்கு மேல் சர்க்கரை என்பதால் நீரிழிவு உள்ளவர்களுக்கு ஆகாது என்பதையும் மறைக்கக் கூடாது. முதன்முறை செய்வோர் வேளாண் அறிவியல் நிலையங்களில் பழம் பதப்படுத்தும் பயிற்சி பெற்றுக்கொள்வது நலம்.

வெடிப்பைக் குறைப்பதே முதல் வேலை என்பதில் ஐயமில்லை. காயப்போட்டு ஒரேயடியாகப் பாய்ச்சாமல் சீராகத் தண்ணீர் கொடுப்பதும், மரத்தடியில் சருகு மூடாக்கு இடுவதும், மண் பரிசோதனை செய்து போரான் சத்துக் குறைவைச் சரிசெய்வதும் பெருமளவு காப்பாற்றும். அதற்குப் பிறகும் வானம் செய்வதை யாராலும் தடுக்க முடியாது. வெடித்த பழத்தைக் கொட்டுவதா, காய்ச்சுவதா என்பது மட்டும் விவசாயியின் கையில் இருக்கிறது. இந்த மழைக்கு வெடிக்கும் முதல் பத்து கிலோவைக் கொண்டு அதைச் சோதித்துப் பார்க்கலாம்.