காகிதம் இல்லையா? காலி செய்!

தையற்கடை வைத்திருப்பவர், சலூன் நடத்துபவர், சைக்கிள் ரிப்பேர் செய்பவர் — இவர்களை "சின்ன முதலாளிகள்" என்று ஒதுக்கிப் பேசும் தோழர்கள் நம்மிடையே சிலர் உண்டு. பத்துக்குப் பத்து அடி அறையில் காலை முதல் இரவு வரை நின்று உழைப்பவன் முதலாளியா? அவன் முதல் அவன் கைதான். அந்தக் கைக்கு வேலை கிடைப்பது அந்த இடத்தில் அவன் இருப்பதால்தான். இடம் போனால்?

வாடகைக் கட்டுப்பாடு நம் நாட்டில் யுத்த காலத்தில் பிறந்தது. பிறகு 1946-ல் ஒரு சட்டம், 1949-ல் ஒரு சட்டம், 1960-ல் இன்னொன்று. 1960-ஆம் ஆண்டுச் சட்டத்தில் நியாய வாடகை என்று ஒன்று இருந்தது. குடியிருப்புக்குக் கட்டிடமும் மனையும் சேர்ந்த மதிப்பில் ஆண்டுக்கு 9 சதவிகிதம், கடைக்கு 12 சதவிகிதம் என்று கணக்கு. வாடகை மிகை என்றால் வாடகைதாரர் கோர்ட்டுக்குப் போகலாம். குறைவு என்றால் சொந்தக்காரரும் போகலாம்.

அந்தச் சட்டம் குறையற்றதா? இல்லை. வழக்குகள் வருஷக் கணக்கில் இழுத்தன. தாத்தா போட்ட வழக்கைப் பேரன் நடத்திய கதைகள் ஊருக்கு ஊர் உண்டு. ஒரே ஒரு கடையின் வாடகையை நம்பிப் பிழைத்த விதவைத் தாய்மாரும் அதில் நொந்தார்கள். இதை மறைத்துப் பேச நமக்கு விருப்பமில்லை. பிரதான வீதியில் பழைய வாடகையிலே உட்கார்ந்துகொண்டு, உள்வாடகைக்கு விட்டுக் கொழுத்த பெரிய வாடகைதாரர்களுக்காக நாம் கண்ணீர் விடவும் போவதில்லை.

ஆனால், நோய்க்கு மருந்து கொடுக்கிறேன் என்று என்ன செய்தார்கள்? 2017-ல் புதிய சட்டம் இயற்றினார்கள். 2019 பிப்ரவரி 22 முதல் அது அமலுக்கு வந்தது. 1960-ஆம் ஆண்டுச் சட்டம் ரத்தாயிற்று. நியாய வாடகை என்ற பேச்சே போயிற்று. ஒப்பந்தத்தில் எழுதியதுதான் வாடகை. ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும். வாடகை அதிகாரியிடம் பதிய வேண்டும்.

எழுத்தில் இருப்பது நல்லதுதானே என்று கேட்கலாம். நல்லதுதான். விஷம் வேறிடத்தில் இருக்கிறது. 21-ஆம் பிரிவைப் படித்துப் பாருங்கள். கட்டிடத்தைத் திரும்பப் பெறச் சொந்தக்காரர் காட்டக்கூடிய காரணங்களில் முதலாவது, இரு தரப்பும் எழுத்து ஒப்பந்தம் செய்துகொள்ளத் தவறியது! வாடகை பாக்கி வேண்டாம், கட்டிடத்தைப் பாழாக்கியிருக்க வேண்டாம். காகிதம் இல்லை என்றாலே போதும். இந்தப் பிரிவின் கீழ் வெளியேற்ற உத்தரவுகளும் பிறந்திருக்கின்றன.

ஒப்பந்தம் ஏன் இல்லை? முப்பது வருஷம் வாய்வார்த்தையில் ஓடிய கடை அது. இன்று கையெழுத்துக் கேட்டால் சொந்தக்காரர் என்ன சொல்வார்? "வாடகையை மூன்று மடங்காக்கு, போடுகிறேன்" என்பார். சம்மதித்தால் பிழைப்பு போயிற்று. மறுத்தால் இடம் போயிற்று. இதற்குப் பெயர் ஒப்பந்த சுதந்திரமாம்!

வியாபார ஸ்தலம் வீட்டைப் போன்றதல்ல. வீடு மாறினால் பாத்திரம் பண்டங்களோடு போய்விடலாம். கடை மாறினால் வாடிக்கை கூட வருமா? அந்த மூலைக்கு மதிப்பு ஏற்றியவர்களில் கடைக்காரனும் ஒருவன். அவன் வெளியேறும்போது அந்த மதிப்பு முழுவதும் கட்டிடத்தோடு தங்கிவிடுகிறது.

வெள்ளைக்காரன் இதை எழுபது ஆண்டுகளுக்கு முன்பே சட்டத்தில் ஒப்புக்கொண்டான். இங்கிலாந்திலும் வேல்ஸிலும் நடப்பிலுள்ள 1954-ஆம் ஆண்டுச் சட்டப்படி, தவணை முடிந்தாலும் வியாபார வாடகைதாரர் புதுக் குத்தகை கேட்கலாம். சந்தை வாடகைதான் தர வேண்டும், சலுகை இல்லை. இடித்துக் கட்டவோ, சொந்த உபயோகத்துக்கோ என்று சொந்தக்காரர் மறுத்தால் நஷ்ட ஈடு தர வேண்டும். அதே இடத்தில் 14 ஆண்டுகள் தொழில் நடந்திருந்தால் அது இரட்டிப்பு. அங்கும் ஓட்டை உண்டு: முன்கூட்டியே எழுதி வாங்கி இந்த உரிமையை விலக்கிவிடலாம். இருந்தாலும் அந்தப் பாதிகூட இங்கே ஏன் இல்லை? புதுச் சட்டத்தைத் திருத்தி, வாடகையில் உடன்பாடு வராதபோது அதை நிர்ணயிக்கும் பொறுப்பை வாடகை அதிகாரிக்கே கொடுத்தால் என்ன குடி முழுகிவிடும்?

திருத்தம் வரும்வரை சும்மா இருக்க முடியாது. வட்டத் தோழர்கள் தத்தம் கடைவீதியில் வீடு வீடாகப் போவதுபோல் கடை கடையாகப் போக வேண்டும். ஒப்பந்தம் இருக்கிறதா என்று கேளுங்கள். இல்லை என்றால், ஒப்பந்தம் கேட்டுச் சொந்தக்காரருக்குப் பதிவுத் தபாலில் கடிதம் எழுதச் சொல்லுங்கள். நகலும் ரசீதும் கையில் இருக்கட்டும். வாடகையை வாங்க மறுத்தால் வாடகை அதிகாரியிடம் கட்ட 14-ஆம் பிரிவு வழி சொல்கிறது. மின்சாரத்தையோ தண்ணீரையோ துண்டித்து விரட்டப் பார்த்தால், அதே அதிகாரியிடம் 20-ஆம் பிரிவின் கீழ் அன்றைக்கே மனுக் கொடுக்கலாம். வக்கீல் நோட்டீஸ் வந்தபிறகு ஓடிவருவதைவிட, இந்த மாத வாடகைக்கு ரசீது கேட்டு வாங்குவதிலிருந்து தொடங்கட்டும்.