தச்சருக்குத் தர வேண்டிய கூலி

நடுக்கடலில் கப்பல் போகிறது. எந்தப் பக்கம் பார்த்தாலும் தண்ணீர்! கரை எங்கே? பாறை எங்கே? மாலுமிக்குத் தெரியாது.

300 ஆண்டுகளுக்கு முன் கடல் பயணம் இப்படித்தான் இருந்தது. வடக்கே எவ்வளவு தூரம், தெற்கே எவ்வளவு தூரம் என்பதைச் சூரியனையும் நட்சத்திரத்தையும் பார்த்துச் சொல்லிவிடுவார்கள். கிழக்கே எவ்வளவு, மேற்கே எவ்வளவு என்பதைத்தான் சரியாகச் சொல்ல முடியவில்லை.

1707-ம் ஆண்டில் இங்கிலாந்தின் போர்க்கப்பல்கள் நாடு திரும்பிக்கொண்டு இருந்தன. இருக்கும் இடம் தெரியாமல் சில்லி தீவுப் பாறைகளில் மோதின. 4 கப்பல்கள் மூழ்கின. 1,400 பேருக்குக் குறையாமல் மாண்டார்கள். கடற்படைத் தளபதியும் அவர்களில் ஒருவர்!

20 ஆயிரம் பவுன் பரிசு

1714-ம் ஆண்டில் இங்கிலாந்துப் பாராளுமன்றம் ஒரு சட்டம் செய்தது. கிழக்கு-மேற்கு தூரத்தை அரை டிகிரிக்குள் பிசகாமல் சொல்ல வழி கண்டுபிடிப்பவருக்கு 20 ஆயிரம் பவுன் பரிசு! அந்தக் காலத்தில் அது பெரும் செல்வம். பரிசை முடிவு செய்ய ஒரு குழுவும் அமைத்தார்கள்.

இதற்கும் கடிகாரத்துக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள். சம்பந்தம் இருக்கிறது.

பூமி 24 மணி நேரத்தில் ஒரு சுற்று, அதாவது 360 டிகிரி சுற்றுகிறது. ஒரு மணிக்கு 15 டிகிரி. நமது இந்திய நேரம், இங்கிலாந்தில் உள்ள கிரீனிச் நேரத்தைவிட ஐந்தரை மணி முந்தி இருக்கிறது. ஏன்? அது கிரீனிச்சுக்குக் கிழக்கே எண்பத்திரண்டரை டிகிரியை வைத்துக் கணக்கிட்ட நேரம். 15 டிகிரிக்கு ஒரு மணி என்றால் கணக்கு சரியாக வரும்!

கப்பலில் இருப்பவர் உச்சிப்பொழுதைச் சூரியனைப் பார்த்து அறியலாம். அதே நொடியில் சொந்த ஊரில் மணி என்ன என்று தெரிந்தால் போதும். எவ்வளவு தூரம் வந்திருக்கிறோம் என்று சொல்லிவிடலாம்.

ஆனால் அலையில் ஆடும் கப்பலில், வெயிலிலும் குளிரிலும், அன்றைய கடிகாரம் எதுவும் ஒழுங்காக ஓடவில்லை. அப்படி ஒரு கடிகாரம் இன்னும் செய்யப்படவில்லை என்று பெரிய விஞ்ஞானி நியூட்டனே சொன்னார்.

கல்லூரி காணாத மேதை

அதைச் செய்து காட்டியவர் ஜான் ஹாரிசன். 1693-ம் ஆண்டில் பிறந்தவர். தச்சர் மகன், தானும் தச்சர். கல்லூரி வாசலை மிதிக்காதவர். ஒரு பாதிரியார் கொடுத்த விஞ்ஞானப் பாடங்களைத் தன் கையாலேயே பிரதி எடுத்துப் படித்தார்.

20 வயதில், அநேகமாக முழுவதும் மரத்தாலேயே ஒரு கடிகாரம் செய்தார். பின்னர், எண்ணெய்ப் பசை உள்ள மரத்தைத் தேர்ந்தெடுத்து, எண்ணெயே போடத் தேவை இல்லாத கடிகாரமும் செய்தார்!

1735-ல் அவருடைய முதல் கடல் கடிகாரம் தயார் ஆயிற்று. மறு ஆண்டில் லிஸ்பன் நகருக்குப் போகும் கப்பலில் சோதித்தார்கள். நன்றாகவே ஓடியது. குழுவினர் மகிழ்ந்தனர். ஆனால் ஹாரிசன் என்ன செய்தார்? "இதில் குறை இருக்கிறது. இதைவிட நல்லதாகச் செய்கிறேன்" என்று தாமே சொன்னார்!

இரண்டாவது செய்தார். மூன்றாவதுக்கு மட்டும் ஏறத்தாழ 19 ஆண்டுகள் பாடுபட்டார். வெப்பத்தால் நேரம் மாறாமல் இருக்க, இரண்டு வகை உலோகத் தகடுகளை ஒன்றாகச் சேர்த்து அதில் பொருத்தினார். இந்த உத்திதான், நம் வீட்டு மின்சார இஸ்திரிப் பெட்டிகளில் சூடு மீறாமல் தடுக்கவும் பயன்பட்டு வருகிறது.

நாலாவது 1759-ல் முடிந்தது. சுமார் 13 சென்டிமீட்டர் அகலம்தான். பார்ப்பதற்குப் பெரிய பாக்கெட் கடிகாரம்!

ஜமைக்காவுக்கு அதை எடுத்துச் சென்றார் மகன் வில்லியம். 1762-ல் போய்ச் சேர்ந்து கணக்குப் பார்த்தபோது சுமார் 5 விநாடிதான் பிசகு! "ஏதோ தற்செயல்" என்றது குழு. 1764-ல் பார்படாஸ் தீவுக்கு மறு சோதனை. 47 நாளில் 39 விநாடி பிசகு. சட்டப்படி 2 நிமிஷம் வரை பிசகலாம்!

ஏன் இழுத்தடிப்பு?

இதற்குப் பிறகும் முழுப் பரிசு வரவில்லை. கடிகாரத்தைப் பிரித்து இரகசியத்தைச் சொன்ன பிறகு பாதிப் பணம் கொடுத்தார்கள். மீதி வேண்டும் என்றால் இன்னும் இரண்டு கடிகாரம் செய் என்றார்கள். ஹாரிசனுக்கு அப்போது 70 வயது கடந்துவிட்டது.

குழு சொன்ன காரணத்தை ஒரேயடியாகத் தள்ளிவிடவும் முடியாது. "பயன்படக்கூடிய வழி" என்று சட்டத்தில் இருந்தது. ஒருவர் மட்டுமே செய்யக்கூடிய கடிகாரத்தால் எல்லாக் கப்பல்களுக்கும் என்ன லாபம்? நியாயமான கேள்விதான்.

ஆனால் அதை எப்போது கேட்க வேண்டும்? சோதனைக்கு முன்பே கேட்டிருக்க வேண்டும். ஓட்டப் பந்தயத்தில் ஒருவர் ஜெயித்த பிறகு, "இன்னும் இரண்டு சுற்று ஓடு" என்று சொல்வது என்ன நியாயம்?

இன்னொன்றும் உண்டு. 1765 முதல் குழுவில் இருந்தவர் அரசாங்க வானநூல் அறிஞர் மாஸ்கலின். சந்திரனைப் பார்த்து இடம் அறியும் வேறொரு வழிக்காகப் பாடுபட்டவர் அவர். பொல்லாதவர் அல்ல. அவர் வெளியிட்ட பஞ்சாங்கம் மாலுமிகளுக்கு நெடுங்காலம் உதவியது. ஆனாலும், போட்டியில் இருப்பவரே தீர்ப்புச் சொல்லும் இடத்தில் உட்காரலாமா? எவ்வளவு நல்லவர் ஆனாலும் கூடாது!

கடைசியில் மன்னர் மூன்றாம் ஜார்ஜிடம் முறையிட்டார்கள். ஹாரிசனின் ஐந்தாவது கடிகாரத்தை 1772-ல் மன்னரே சோதித்துத் திருப்தி அடைந்தார். 1773-ல் பாராளுமன்றம் 8,750 பவுன் கொடுத்தது. அப்போது அவருக்கு 80 வயது! 3 ஆண்டில் காலமானார்.

நாலாவது கடிகாரத்தைப் பார்த்து வேறொரு தொழிலாளி செய்த நகல், கேப்டன் குக்குடன் கடல் பயணம் போய் வந்தது. "பிறரால் செய்ய முடியுமா?" என்ற கேள்விக்கு அதுவே பதில். இன்று நம் கைபேசி வழி காட்டுவதும், விண்ணில் சுற்றும் கடிகாரங்கள் அனுப்பும் நேரத்தை வைத்துத்தான்.

ஹாரிசன் கேட்டது தர்மம் அல்ல, பேசிய கூலி. நம் ஊரிலும் தச்சர், கொத்தர், தையற்காரர் இருக்கிறார்கள். வேலை முடிந்த பிறகு "நாளைக்கு வா" என்று அவர்களை அலைய விடுகிறோமா? வேலை சரியாக இருந்தால் கூலியை அன்றே கொடுங்கள். என்ன வேண்டும் என்பதை வேலைக்கு முன்பே சொல்லிவிடுங்கள். உலகத்துக்கே நேரம் காட்டியவருக்கு, உரிய நேரத்தில் கூலி கிடைக்கவில்லை. அந்த அநியாயம் நம் வீட்டு வாசலில் நடக்க வேண்டாம்!