கோர்ட் விட்டுவிட்டதா? அப்பீல் நம் கையில் இருக்கிறது!



வானவடியில் நம் ஜனங்களில் ஒருவன் அடிபட்டு, போலீசுக்குப் போய், வருஷக்கணக்கில் கோர்ட் படியேறி, கடைசியில் எதிரிக்கு விடுதலை என்று தீர்ப்பு வந்தால், அவன் வீட்டுக்கு முதலில் வருகிறவர் யார்? நம்மவர்தான். வயதில் மூத்தவர், நாலு பேருக்குத் தெரிந்தவர். "கோர்ட்டே விட்டுவிட்டது, இனி என்ன தம்பி? பிழைக்க வந்த ஊர், விட்டுத் தொலை" என்பார். கேட்பதற்கு அனுபவம் பேசுவது போல இருக்கும். அனுபவம் அல்ல, அறியாமை. சில நேரங்களில் எதிரியின் வீட்டில் டீ குடித்துவிட்டு வந்த அறியாமை!

அவர் பேச்சில் ஒரு காலத்தில் உண்மை இருந்தது. போலீஸ் தொடுத்த வழக்கில் விடுதலை என்றால் அப்பீல் போகும் உரிமை சர்க்காருக்கு மட்டுமே இருந்தது. மண்டை உடைந்தவன் வெறும் சாட்சி. சர்க்காருக்கு மனமில்லையென்றால் அவன் தழும்பைத் தடவிக்கொண்டு வேலைக்குப் போக வேண்டியதுதான். 2008ல் சட்டத்தைத் திருத்தினார்கள். 2009 டிசம்பர் 31 முதல் பாதிக்கப்பட்டவனே அப்பீல் போடலாம். அவன் இறந்துபோனால் வாரிசு போடலாம். 2024 ஜூலை 1ல் வந்த புதிய நடைமுறைச் சட்டத்திலும் 413வது பிரிவில் இந்த உரிமை அப்படியே இருக்கிறது.

ஏட்டில் எழுதிய உரிமை தானாக நடந்து வந்துவிடவில்லை. பக்கத்துக் கர்நாடகத்தில் மல்லிகார்ஜுன் கொடகலி என்பவர் 2009 பிப்ரவரியில் தாக்கப்பட்டார். 2013ல் எதிரிகளுக்கு விடுதலை. அப்பீல் போனார். உமது காயம் சட்டம் வருவதற்கு முந்தியது என்று ஹைகோர்ட் திருப்பி அனுப்பிவிட்டது. காயத்துக்கும் தேதி பார்க்கிறார்கள், பார்த்தீர்களா! மனிதர் இறந்தே போனார், வாரிசுகள் விடவில்லை. 2018 அக்டோபர் 12ல் சுப்ரீம் கோர்ட் சொன்னது: பார்க்க வேண்டியது அடிபட்ட தேதியை அல்ல, தீர்ப்பு வந்த தேதியை, பாதிக்கப்பட்டவன் அப்பீலுக்கு முன் அனுமதி கேட்டு நிற்கவும் தேவையில்லை. செத்தவர் போட்ட பாதையில் நடப்பதற்கு உயிரோடிருக்கும் நமக்கு என்ன தயக்கம்?

வக்கீலிடம் போகும்போது ஒன்றைக் கேட்டுக்கொள்ளுங்கள்: "ஐயா, போடுவது அப்பீலா, ரிவிஷனா?" தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் விடுதலையை எதிர்த்து ரிவிஷன் போட்டார்கள். ஹைகோர்ட்டும் தண்டனை கொடுத்தது. 2022 ஜனவரியில் சுப்ரீம் கோர்ட் அந்தத் தண்டனையை ரத்து செய்தது. ரிவிஷனில் விடுதலையைத் தண்டனையாக மாற்றக்கூடாது, அப்பீலாக எடுத்து மறுபடி விசாரியுங்கள் என்று திருப்பி அனுப்பிவிட்டது. தப்பான வாசலில் நின்றதற்கு எத்தனை வருஷம் போயிற்று!

அப்பீல் போட்டால் ஜெயம் என்று நான் ஆசை காட்டமாட்டேன். விடுதலையான எதிரி நிரபராதி என்ற எண்ணத்தோடுதான் மேல் கோர்ட் கட்டைப் பிரிக்கும். சாட்சியத்தில் இரண்டு முடிவுக்கு இடமிருந்தால் கீழ்க் கோர்ட் தீர்ப்பில் கை வைக்காது. புதுச் சாட்சி சேர்ப்பதும் அபூர்வம். ஆகவே அப்பீலின் பலம் முதல் நாளிலேயே இருக்கிறது: காயத்துக்கு அன்றைக்கே சாசூன் போன்ற சர்க்கார் ஆஸ்பத்திரிச் சீட்டு வாங்குவதில், மராத்தியில் எழுதிய புகாரை வாசித்துக் காட்டச் சொல்லி, புரிந்த பிறகே கையெழுத்துப் போடுவதில், பார்த்த சாட்சி சமன் வரும் நாளில் ஊருக்கு ரயிலேறாமல் இருப்பதில். இந்தக் கடைசி விஷயத்தில் குற்றவாளி போலீஸ் அல்ல, நாம். பொங்கலுக்குப் போன சாட்சி ஆடி வரை திரும்பாவிட்டால் மாஜிஸ்திரேட் என்ன செய்வார்?

பணமில்லை என்பார்கள். பெண்களுக்கும், பட்டியல் சாதி, பழங்குடி மக்களுக்கும், ஆலைத் தொழிலாளிக்கும் வருமானக் கணக்குப் பாராமல் இலவச வக்கீல் தர வேண்டும் என்று 1987ஆம் வருஷத்துச் சட்டமே சொல்கிறது. அதற்கான மாவட்ட அலுவலகம் சிவாஜிநகர் கோர்ட்டில் இருக்கிறது. மாஜிஸ்திரேட் விடுதலை செய்தால் அப்பீல் அதே சிவாஜிநகரில் செஷன்ஸ் கோர்ட்டுக்கு. செஷன்ஸ் விடுதலை செய்தால் பம்பாய் ஹைகோர்ட்டுக்கு. பஸ் செலவையும் ஒரு நாள் கூலியையும் சங்கம் பகிர்ந்துகொண்டால் போதும். அதற்கும் வக்கில்லாத சங்கம் எதற்கு, பொங்கல் விழாவுக்கு மைக் பிடிக்கவா?

நாள் ஓடும். முப்பது நாளுக்குள் அப்பீல் போட்டுவிடுவதே நல்லது. ஆகவே அடுத்த முறை தீர்ப்பு வந்த வீட்டுக்குப் பெரியவர் ஆறுதல் சொல்ல வருமுன் நாம் போய் நிற்போம். தீர்ப்பு நகலுக்கு மனுப் போட்டாயிற்றா என்று முதலில் கேட்போம்.