பத்தொன்பது வயதில் ஓய்வுபெறும் வீராங்கனைகள்

யாழ்ப்பாணத்தில் விசித்திரமான ஓய்வுபெறும் முறை ஒன்று நடைமுறையில் உள்ளது. அரச ஊழியர் அறுபது வயதில் ஓய்வு பெறுகிறார். அரசியல்வாதி ஓய்வு பெறுவதேயில்லை. உதைபந்தாட்ட வீராங்கனை மட்டும் உயர்தரப் பரீட்சையின் கடைசி வினாத்தாளைக் கையளித்த அன்றே ஓய்வு பெற்றுவிடுகிறாள். அவளுக்கு ஓய்வூதியம் இல்லை. பிரியாவிடைக் கூட்டமும் மலர்மாலையும்கூட இல்லை.

சில மாதங்களுக்கு முன்னர் நகரத்துப் புடவைக் கடை ஒன்றில் இதை நேரில் கண்டேன். துணி மடித்துக்கொண்டிருந்த பெண்பிள்ளையின் முகம் எங்கோ பார்த்த முகமாக இருந்தது. விசாரித்தபோது, தேசிய மட்டத்தில் வென்ற பாடசாலை அணியொன்றில் முன்வரிசையில் ஆடியவர் எனத் தெரிந்தது. "இப்ப விளையாடுறதில்லையா பிள்ளை?" என்று கேட்டேன். "எங்கை ஐயா விளையாடுறது? ஆரோடை விளையாடுறது?" என்றார். குரலில் கோபம் இல்லை. அந்தக் கோபமின்மையே என்னை இதை எழுதவைத்தது. அவருடைய பெயரை எழுதப்போவதில்லை. அவர் கேட்ட இரண்டு கேள்விகளுக்கும் நம்மிடம் பதில் உண்டா என்பதே இங்கு பிரச்சினை.

விடயம் அறியாத புலம்பெயர் வாசகர்களுக்காகச் சில வார்த்தைகள். 1910இல் பாவலர் துரையப்பாபிள்ளை தெல்லிப்பழையில் தொடங்கிய மகாஜனக் கல்லூரி போரினால் சொந்த மண்ணைவிட்டு இடம்பெயர்ந்து, ஆண்டுக்கணக்காகப் பிற இடங்களில் இயங்கிப் பின்னர் திரும்பிவந்த கல்லூரி. அந்தக் கல்லூரியின் பெண்கள் 2010களில் அகில இலங்கைப் பாடசாலைகளுக்கிடையிலான உதைபந்தாட்டத்தில் ஒருமுறையல்ல, பலமுறை கிண்ணத்தை வடக்கே கொண்டுவந்தார்கள். தேசிய அணிகளின் வாசலையும் தொட்டார்கள். கோலூன்றிப் பாய்தலில் தேசிய சாதனையைத் திரும்பத் திரும்பப் புதுப்பித்த அனித்தா ஜெகதீஸ்வரனும் அதே கல்லூரியின் மாணவிதான். ஆகவே திறமை இல்லை என்றோ, உடல்வலு இல்லை என்றோ எவரும் சொல்ல வரவேண்டாம். பாடசாலை வாசல்வரை எல்லாம் இருக்கிறது. அதற்கு அப்பால் தெரு மட்டுமே இருக்கிறது.

முதற் குற்றவாளியாக என்னையே நிறுத்துகிறேன். நான் பணியாற்றிய நாளிதழ் ஒன்றில், பெண்கள் இறுதிப்போட்டி ஒன்றின் செய்தி இரவு எனது மேசைக்கு வந்தது. பக்கத்தில் இடமில்லை. 'வடக்கின் பெருஞ்சமர்' துடுப்பாட்டத்துக்குச் சிறப்புப் பக்கம் ஒதுக்கியிருந்தோம். பெண்களின் செய்தியை ஐந்து வரியாக வெட்டினேன். வெட்டியபோது முதலில் போனவை கோல் அடித்தவர்களின் பெயர்கள். மறுநாள் பெருஞ்சமரில் பதினோராவதாகத் துடுப்பெடுத்தாட வந்து ஓட்டமெதுவும் பெறாதவரின் பெயரும் அச்சில் வந்தது. நாட்டையே வென்ற பெண்பிள்ளைகளின் பெயர் வரவில்லை. பெயர் வராத விளையாட்டுக்கு எந்த வர்த்தகர் அனுசரணை தருவார்? எந்தத் தாய்தான் மகளைத் தொடர்ந்து ஆட அனுமதிப்பாள்? பத்திரிகைக்காரன் வெட்டியது ஐந்து வரியை அல்ல என்பது எனக்கு மிகப் பிந்தியே விளங்கியது.

இனி, வழக்கமாகச் சொல்லப்படும் நியாயங்களுக்கு வருவோம்.

முதலாவது, "பொம்பிளைப் பிள்ளைக்கு உது சரிவராது" என்பது. இதை நமது தொன்மையான பண்பாடு என்று எண்ணுபவர்களுக்கு ஒரு தகவல். 1920 டிசம்பரில் லிவர்பூல் குடிசன் பார்க் அரங்கில் இங்கிலாந்துப் பெண்கள் ஆடிய ஆட்டத்தை ஏறத்தாழ 53,000 பேர் பார்த்தார்கள். மறு ஆண்டே, 1921 டிசம்பரில், இந்த விளையாட்டு பெண்களுக்குப் பொருந்தாது என்று கூறிய ஆங்கிலேயச் சங்கம் தனது மைதானங்களை அவர்களுக்கு மூடியது. அரை நூற்றாண்டு கழித்தே அந்தத் தடை நீங்கியது. ஆக, நமது பெரியவர்கள் பேசுவது தமிழ்ப் பண்பாடு அல்ல. வெள்ளைக்காரன் வெட்கப்பட்டுக் கைவிட்ட பழைய தீர்மானம். 1995 ஒக்டோபர் 30 இரவு வலிகாமமே பெயர்ந்து தென்மராட்சி நோக்கி நடந்தபோது, பெண்கள் பிள்ளையையும் பெட்டியையும் சுமந்து மழையில் நடந்தார்கள். அது பெண்ணுக்குச் சரிவருமா என்று அன்று எவரும் கேட்கவில்லை. துன்பத்தில் கேட்காத கேள்வியை விளையாட்டில் மட்டும் கேட்பது என்ன நியாயம்?

இரண்டாவது நியாயம் சற்றுக் கனமானது: "விளையாடி என்ன உழைக்கப்போகிறாள்?" இந்தக் கேள்வியை நான் மதிக்கிறேன். வறுமையை அறிந்தவர்கள் கேட்கும் கேள்வி அது. உண்மையைச் சொன்னால், இலங்கையில் பெண்களுக்கு முழுநேர ஊதியம் வழங்கும் தொழின்முறை உதைபந்தாட்ட லீக் கிடையாது. பாடசாலையைவிட்டு வெளியேறும் ஒரு பெண், பந்தை உதைத்தபடியே மாதச் சம்பளமும் பெறவேண்டுமானால் நடைமுறையில் இருக்கும் பெருவழி ஒன்றே: இராணுவம், கடற்படை, விமானப்படை. நாட்டின் முன்னணிப் பெண்கள் அணிகளில் முதன்மையானவை முப்படைகளின் அணிகளே.

தென்னிலங்கைக் கிராமத்துப் பெண்ணுக்கு இது ஒரு வேலைவாய்ப்பு. வலிகாமம் வடக்குப் பெண்ணுக்கு? 1990இல் அவளுடைய பேரனார் விட்டு ஓடிய காணிகளில் ஒரு பகுதி இன்றும் படையினர் வசம் இருக்கிறது. அந்தக் காணிக்காக மனு எழுதும் வீட்டிலிருந்து, அதே படையின் மேலங்கியை அணிந்து பந்து விளையாட ஒரு பிள்ளை போகவேண்டும் என்கிறோம். போகிறவளை நான் குறைகூற மாட்டேன். போக மறுப்பவளையும் குறைகூற முடியாது. ஆனால் பத்தொன்பது வயதுப் பிள்ளையின் முன்னால் இந்த ஒரே கதவைத் திறந்துவைத்துவிட்டு, "வாய்ப்பிருந்தும் போகவில்லை" என்று கொழும்பிலிருந்து பேசுபவர்களுக்கு மனச்சாட்சி இருக்கிறதா? கொழும்பின் நிர்வாகச் சிறப்பையும் பார்த்தோம். 2023 ஜனவரியில் பன்னாட்டுச் சம்மேளனமான பீபா இலங்கைச் சம்மேளனத்தை இடைநிறுத்தியது. ஆகஸ்ட் இறுதியிலேயே அது நீங்கியது. அதிகாரிகளுக்கு அது வழக்கும் அறிக்கையும். வீராங்கனைக்கோ தொலைந்துபோன ஒரு பருவம். அவளுக்கு எத்தனை பருவங்கள்தான் கையிருப்பில் உண்டு?

வேறு வழி இல்லையா? கடலுக்கு அப்பால் பாருங்கள். கடலூர் மண்ணிலிருந்து வந்த இந்துமதி கதிரேசன் இந்திய அணியின் நடுக்கள வீராங்கனையானார். தமிழ்நாடு காவல்துறையில் உதவி ஆய்வாளர் பணி அவருக்குச் சோறிட்டது. மதுரையின் சேது கழகம் ஆடுகளம் தந்தது. அக்கழகம் 2019இல் இந்திய மகளிர் லீக்கையே வென்றது. தமிழ்நாட்டு மகளிர் அணி 2018இலும் 2023இலும் தேசியக் கிண்ணத்தைக் கைப்பற்றியது. பஞ்சாபின் மனிஷா கல்யாண் 2022இல் சைப்பிரஸ் கழகமொன்றுக்காக ஐரோப்பிய மகளிர் சம்பியன்ஸ் லீக்கில் ஆடினார். இவர்கள் வானத்திலிருந்து குதித்தவர்கள் அல்லர். பாடசாலைக்கு அடுத்த படி ஒன்று அவர்களுக்கு இருந்தது.

அந்தப் படியைக் கட்டும் பொருள்கள் குடாநாட்டிலேயே கிடக்கின்றன. நாவாந்துறை சென் மேரிஸ், பாசையூர் சென் அன்ரனிஸ், குருநகர் பாடும்மீன், இளவாலை யங்ஹென்றிஸ் என்று பெயர்பெற்ற கழகங்கள் நம்மிடம் உண்டு. கடற்கரை ஊர்கள் உதைபந்தாட்டத்தில் ஊறியவை. அரியாலை முதல் மயிலிட்டி வரை மைதானங்கள் உண்டு. இக்கழகங்களில் ஆறு, பெண்கள் அணி ஒன்றை அமைத்தாலே போதும். அணிக்கு இருபது பேராக நூற்றிருபது பெண்களுக்கு "எங்கை, ஆரோடை" என்ற கேள்விக்கு விடை கிடைத்துவிடும். முன்னாள் வீராங்கனைகளைப் பாடசாலைப் பயிற்றுநர்களாகச் சம்பளத்துடன் நியமிக்க மாகாணக் கல்வித் திணைக்களம் முன்வரட்டும். காலையில் பிள்ளைகளுக்குப் பயிற்றுவித்து மாலையில் தானும் ஆடுபவளிடம், விளையாடி என்ன உழைத்தாய் என்று எவரும் கேட்க முடியாது.

புலம்பெயர் பழைய மாணவர் சங்கத்து அன்பர்களிடம் ஒரு வேண்டுகோள். நீங்கள் அனுப்பும் பணத்தில் எழும் வரவேற்பு வளைவுகளையும் பளிங்குப் பெயர்ப்பலகைகளையும் நான் எள்ளவில்லை. ஆனால் ரொறன்ரோவிலும் இலண்டனிலும் சனிக்கிழமை காலையில் உங்கள் மகளுக்குச் சப்பாத்து மாட்டிவிட்டு, மைதான ஓரத்தில் தேநீரோடு நின்று கைதட்டுகிறீர்களே, அதே கைதட்டலுக்கு இங்கே ஒரு பிள்ளை உரியவள் இல்லையா? அங்கே முற்போக்கு, இங்கே அடக்கவொடுக்கம் என்ற இரட்டைக் கணக்கை நிறுத்துங்கள். அடுத்த முறை வளைவுக்குப் பதிலாக, ஒரு பயிற்றுநரின் ஓராண்டுச் சம்பளத்தை அனுப்பிப் பாருங்கள்.

இளைய பத்திரிகையாளர்களுக்கும் ஒரு சொல். பக்கத்தில் இடம் குறைந்தால் என்னைப் போல் வெட்டாதீர்கள். அமைச்சர் நாடா வெட்டிய படத்தை எடுத்துவிட்டு, கோல் அடித்தவளின் பெயரைப் போடுங்கள்.

அந்தப் புடவைக் கடையில் விடைபெறும்போது, உங்களைப் பற்றி எழுதட்டுமா என்று கேட்டேன். அவர் சற்று யோசித்து, "என்னைப் பற்றி வேண்டாம் ஐயா. இப்ப விளையாடுற பிள்ளையளைப் பற்றி எழுதுங்கோ. அவையளுக்கு இன்னும் இரண்டு வருசம் கிடக்கு" என்றார்.

இரண்டு வருடம். அதற்குள் நாம் என்ன செய்யப்போகிறோம்?