மலைநாட்டுக்கு வைத்தியசாலை வந்தது. வைத்தியக் கல்வி வரவில்லை

திக்கோயாவில் இந்திய அரசின் உதவியுடன் அமைக்கப்பட்ட 150 கட்டில்களைக் கொண்ட வைத்தியசாலையை 2017ஆம் ஆண்டு மே மாதம் இந்தியப் பிரதமர் நரேந்திர மோடி திறந்து வைத்தார். ஹட்டன், நோர்வூட் பகுதித் தோட்ட மக்கள் அன்று அடைந்த மகிழ்ச்சி நியாயமானதே. ஆயினும், நோயாளியின் மொழியிலேயே அவரது நோவைக் கேட்டறியக்கூடிய வைத்தியரும் தாதியும் மருத்துவ மாதும் எங்கிருந்து வருவர் என்ற கேள்வி இன்றுவரை அப்படியே நிற்கின்றது. இக்கேள்விக்கு விடை தேடுமுன், சமய நிறுவனங்கள் மருத்துவக் கல்வியை வளர்த்த வரலாற்றைச் சற்றுத் திரும்பிப் பார்ப்பது பயனுடையது என நாம் கருதுகின்றோம்.

அவ்வரலாறு தொடங்குவது நமது நாட்டிலேயேயாகும். அமெரிக்க மிஷனைச் சேர்ந்த வைத்தியர் ஜோன் ஸ்கட்டர் 1820ஆம் ஆண்டளவில் யாழ்ப்பாணத்துப் பண்டத்தரிப்பில் தமது பணியை ஆரம்பித்தார். அவருக்குப் பின் 1847இல் வந்த சாமுவேல் பிஸ்க் கிறீன், மானிப்பாயில் வைத்தியசாலையுடன் ஒரு வைத்தியப் பாடசாலையையும் நடத்தினார். கொழும்பில் அரசாங்க மருத்துவக் கல்லூரி தொடங்கப்பட்டதோ 1870இல்தான். ஆங்கிலத்தில் பயின்றவர்கள் உத்தியோகம் தேடிக் கிராமத்தை விட்டு அகல்வதைக் கண்ட கிறீன், பின்னர் தமிழிலேயே மருத்துவம் கற்பிக்க முற்பட்டார். உடற்கூற்றியல், அறுவை வைத்தியம், பிரசவ வைத்தியம் பற்றிய நூல்கள் அவரது முயற்சியால் தமிழுக்கு வந்தன. கற்றவர் கற்ற இடத்திலேயே தங்க வேண்டும் என்ற அவரது கவலை, இன்றைய நமது கவலையும் அல்லவா?

அதே காலத்தில் மத்திய மலைநாட்டில் நடந்தது வேறு. தென்னிந்தியாவிலிருந்து கோப்பித் தோட்டங்களுக்குக் கால்நடையாக வந்தோர் வழியிலேயே வாந்திபேதிக்கு இரையாகினர். 1872இல் தோட்டத் தொழிலாளரின் மருத்துவத் தேவைகள் குறித்த கட்டளைச் சட்டம் பிறப்பிக்கப்பட்டது. தொழிலாளி உயிருடன் இருந்தாற்றான் தோட்டம் நடக்கும் என்பதே அதற்குப் பின்னால் இருந்த கணக்கு. யாழ்ப்பாணத்துக்கு மருத்துவம் கல்வியாக வந்தது; மலைநாட்டுக்கோ அது தோட்டக் கணக்குப் புத்தகத்தில் ஒரு செலவாக வந்தது. தோட்டத்து மருந்தகமும் பிள்ளைமடுவமும் கிடைத்தன. லயத்துப் பிள்ளை தானே வைத்தியராகும் வழியை எவரும் திறக்கவில்லை. 1948இல் குடியுரிமையும் பறிக்கப்பட்டபோது, அரசாங்கத் தாதிப் பயிற்சி கூட எட்டாக் கனியாயிற்று. எஞ்சியிருந்தோரின் குடியுரிமைப் பிரச்சினை தீர 2003ஆம் ஆண்டுச் சட்டம் வரை காத்திருக்க வேண்டியதாயிற்று.

பண்டத்தரிப்பில் விழுந்த வித்து தமிழ்நாட்டில் பெருமரமாயிற்று. ஜோன் ஸ்கட்டரின் பேத்தியே வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியைத் தோற்றுவித்த ஐடா ஸ்கட்டர். ஒரே இரவில் ஒரு பிராமணரும், ஒரு முஸ்லிமும், மற்றோர் இந்துவும் பிரசவ வேதனையிலிருந்த தத்தம் மனைவியருக்காக உதவி நாடி வந்தனர். ஆண் வைத்தியரை அவர்கள் ஏற்கவில்லை. பெண் வைத்தியர் எவரும் அங்கில்லை. மூன்று பெண்களும் மடிந்தனர். அந்த இரவே அவரை மருத்துவம் கற்கத் தூண்டியது எனக் கூறப்படுகின்றது. 1900இல் ஒரு கட்டிலுடன் தொடங்கிய அவரது பணி, 1902இல் வைத்தியசாலையாகவும், 1909இல் தாதியர் பாடசாலையாகவும், 1918இல் பெண்களுக்கான மருத்துவப் பாடசாலையாகவும் வளர்ந்தது. பெண்கள் மருத்துவம் படிக்க முன்வருவரா என்று ஐயுற்றோர் இருந்தனர். முதலாண்டில் வந்த விண்ணப்பங்களோ 151. பட்டப்படிப்பு 1942இலும், ஆண்களுக்கான அனுமதி 1947இலும் வந்தன. பெயரளவில் அது இன்றும் பல்கலைக்கழகம் அன்று. தமிழ்நாடு டாக்டர் எம்.ஜி.ஆர். மருத்துவப் பல்கலைக்கழகத்துடன் இணைந்த ஒரு கல்லூரியே.

முஸ்லிம் சமூகத்திலும் இத்தகைய முன்மாதிரி உண்டு. 1906இல் பழைய டில்லியில் ஹக்கீம் ஹாபிழ் அப்துல் மஜீத் திறந்த சிறிய யூனானி மருந்தகமே ஹம்தர்த். அவரது புதல்வர் ஹக்கீம் அப்துல் ஹமீத் அந்நிறுவனத்தை 1948இல் வக்பாக்கினார். ரூஹ் அப்ஸா சர்பத்தும் மருந்துகளும் ஈட்டிய இலாபம் கல்விக்குச் சென்றது. 1989இல் ஜாமிஆ ஹம்தர்த் பல்கலைக்கழகத் தகுதியைப் பெற்றது. மருந்தகம் பல்கலைக்கழகமாவதற்கு 83 ஆண்டுகள் சென்றன. பொறுமையற்றோர் இதனைக் கவனிக்க வேண்டும்.

மிஷனரிமார் மதம் பரப்பும் நோக்கமும் கொண்டிருந்தனர் என்பதை மறைப்பதற்கில்லை. அதற்காக அவர்கள் கட்டியெழுப்பிய கல்வி முறையைப் புறக்கணிப்பது அறிவுடைமையாகாது. வேலூரில் திருச்சபைகளும் மிஷன் வைத்தியசாலைகளும் மாணவரைப் பொறுப்பேற்று அனுப்புகின்றன. பட்டம் பெற்றவர் தம்மை அனுப்பியோரின் வைத்தியசாலைகளில் இரண்டாண்டு பணியாற்றக் கடமைப்பட்டவர். நமக்கு வேண்டியது இந்த ஏற்பாடே.

மலையகத்துக்குப் பல்கலைக்கழகம் வேண்டும் என்ற கோரிக்கை தேர்தல் மேடைகளில் தவறாது ஒலிக்கின்றது. அதனைக் கைவிடுமாறு நாம் கூறவில்லை. ஆனால், நுவரெலியா மாவட்டத்துக்குரிய மருத்துவபீட இடங்களுக்குத் தோட்டத்துப் பிள்ளை போட்டியிடுவதற்கே உயர்தர விஞ்ஞானப் பிரிவும் அதற்குரிய ஆசிரியர்களும் தேவை. இவை அமைந்த தமிழ்மொழிப் பாடசாலைகள் மலையகத்தில் போதியனவாக இல்லை. தேர்த்திருவிழாவுக்கு இலட்சக்கணக்கில் செலவிடும் ஆலய பரிபாலன சபைகளும், நகரப் பள்ளிவாசல்களும், தேவாலயங்களும் ஆண்டுக்கு ஒரு மாணவியையேனும் தாதிக் கல்விக்கோ மருத்துவ மாதுப் பயிற்சிக்கோ பொறுப்பேற்றால் என்ன? தலவாக்கலையின் முஸ்லிம் வர்த்தகரின் மனைவியும் அயல் தோட்டத்துக் கொழுந்து பறிக்கும் பெண்ணும் பிரசவத்துக்குச் செல்வது ஒரே அரசாங்க வைத்தியசாலைக்குத்தானே. நுவரெலியா, ஹட்டன் பகுதி ஆலய, பள்ளிவாசல், தேவாலய நிர்வாகங்கள் ஒரே மேசையில் அமர்ந்து முதல் மாணவியரைத் தெரிவு செய்வதற்கு எந்த அமைச்சரின் அனுமதியும் தேவைப்படாது.