எழுத்தில் இல்லை மந்திரம்

2020 பிப்ரவரி 21, உலகத் தாய்மொழி நாள். ‘பாகுபலி’ திரைப்படத்துக்காகப் பாடலாசிரியர் மதன் கார்க்கி படைத்த கிளிக்கி மொழிக்கு, அதற்கெனவே புனைந்த வரிவடிவத்துடன் ஓர் இணையதளம் அன்று தொடங்கப்பட்டது. அதிலிருந்து 43ஆம் நாள், ஏப்ரல் 4 அன்று, அந்தமானின் போர்ட் பிளேரில் லீச்சோ என்னும் பெண்மணி மறைந்தார். கிரேட் அந்தமானிய மொழிகளுள் ஒன்றான சாரேயைப் பேசத் தெரிந்த கடைசி மனிதர் அவர். முதல் செய்தியை அறிந்த தமிழர் பலர். இரண்டாவதை அறிந்தவர் மிகச் சிலர்.

இதற்காகக் கிளிக்கியையோ அதைக் கற்போரையோ குறைகூறுவது தவறு. ஏறத்தாழ 750 சொற்களும் 40 இலக்கண விதிகளுமாகத் தோன்றிய அம்மொழி, மொழி என்பது எப்படி இயங்குகிறது என்று சிந்திக்க இளைஞர் பலரைத் தூண்டியது. புனைமொழிகளின் கவர்ச்சியும் புதிதன்று. டோல்கினின் ‘தி ஹாபிட்’ 1937இல் வெளிவந்தது. நிலவொளி பட்டால் மட்டுமே கண்ணுக்குத் தெரியும் நிலவெழுத்து அதில் வருகிறது. பொருளைக் குறிப்பதோடு நில்லாமல் எழுத்தே ஒரு செயலையும் செய்யும் என்ற கற்பனைதான் வாசகரை இத்தகைய நூல்களின்பால் ஈர்க்கிறது.

அந்தக் கற்பனைக்கு நிகரானதொரு வழக்கம் நிக்கோபார்த் தீவுகளில் நிகழ்ந்ததுண்டு. ஒருவர் நோயுற்றால், மென்லுவானா எனப்படும் மருத்துவப் பூசாரியின் சொற்படி ‘ஹெந்தா’ செய்வர். பலகையிலோ பாக்குமரப் பாளையிலோ கதிரவன், நிலவு, மனித உருக்கள், வீடுகள், கப்பல்கள், மீன்கள் ஆகியவற்றைத் தீட்டி வீட்டில் வைப்பர். நோய் தந்த ஆவிகளை அது விரட்டும் என்பது நம்பிக்கை. வாசிப்பதற்காக அன்றிச் செயல்படுவதற்காகத் தீட்டப்பட்ட வரிகள் அவை. இன்று பல ஐரோப்பிய அருங்காட்சியகங்களில் அவை காட்சிப் பொருள்கள்.

அந்தமானிய மொழிகளின் வியப்போ வரிவடிவத்தில் இல்லை, இலக்கணத்தில் இருக்கிறது. தென் அந்தமானில் வழங்கிய அகா-பேயா மொழியில் ‘பேரிங’ என்றால் நல்லது. அதன் முன் கையைக் குறிக்கும் ‘உன்’ சேர்ந்தால் திறமையானவர். கண்ணைக் குறிக்கும் ‘இக்’ சேர்ந்தால் கூர்ந்த பார்வையுடையவர். நாவைக் குறிக்கும் ‘அகா’ சேர்ந்தால் மொழிகளில் வல்லவர். தலையையோ நெஞ்சையோ குறிக்கும் ‘ஒத்’ சேர்ந்தால் அறவோர். மொழியின் பெயரிலேயே நிற்கும் ‘அகா’வும் அந்த நாவே. பல்லாண்டுகள் கள ஆய்வு செய்த மொழியியலாளர் அன்விதா அப்பி, இன்றைய கிரேட் அந்தமானிய மொழியில் உடலை ஏழு பகுதிகளாகப் பகுக்கும் முறை இலக்கணம் முழுவதும் ஊடுருவி நிற்பதை விளக்கியுள்ளார். மனித உடலையே அளவுகோலாகக் கொண்டு உலகைப் பேசும் மொழி அது.

இத்தகைய மொழிகள் எழுத்தில்லாததால் அழிந்தன என்று பலர் எண்ணுகின்றனர். எழுத்துத் தொன்மையைப் பெருமையாகக் கொண்ட தமிழரிடையே இவ்வெண்ணம் வலுவானது. ஆனால் அகா-பேயாவின் வரலாறு அதை மறுக்கிறது. ஆங்கிலேய அதிகாரி எட்வர்ட் ஹொரஸ் மேன் அம்மொழிக்குத் தொகுத்த அகராதி 1923இல் நூலாகவே வெளிவந்தது. இன்று அதைப் பேசுவோர் எவருமில்லை. சொற்கள் தாளில் பிழைத்தன. அவற்றைச் சொன்ன வாய்கள் பிழைக்கவில்லை.

வாய்களை மௌனமாக்கியவை வேறு. 1858இல் தண்டனைக் குடியேற்றம் அமைந்தபோது சில ஆயிரவராக இருந்த கிரேட் அந்தமானியர், 1877இன் தட்டம்மை உள்ளிட்ட கொள்ளைநோய்களாலும் நில இழப்பாலும் சிதைந்து, 1961இல் 19 பேராகக் குறைந்தனர். பின்னர் எண்ணிக்கை சற்று உயர்ந்தும், பிள்ளைகளின் மொழி இந்தியாகிவிட்டது. போ மொழியின் கடைசிப் பேச்சாளரான போவா மூதாட்டி, 2010 ஜனவரி 26இல் மறைவதற்கு முந்தைய ஆண்டுகளில் பறவைகளிடம் தம் மொழியில் பேசிவந்தார். அம்மொழியில் அவருக்கு மறுமொழி சொல்ல மனிதர் எஞ்சவில்லை. அப்பியின் கிரேட் அந்தமானிய அகராதி தேவநாகரியிலும் சொற்களைத் தருகிறது. அது மதிப்புக்குரிய அரும்பணி. ஆனால் அகராதி மறுமொழி கூறுவதில்லை.

கதைகள் இல்லாத செயற்கை மொழிகள் உயிரற்றவை என்பது டோல்கினின் கருத்து. கிளிக்கி பரவியதற்கும் அதன் பின்னே நின்ற கதையே காரணம். அந்தமானியரிடம் கதைகளும் பாடல்களும் இருந்தன. கேட்டு வளரும் பிள்ளைகள்தாம் குறைந்தனர். ஆகவே, ஒரு மொழிக்கு எழுத்து அமைத்துத் தந்ததும் கடமை முடிந்தது என்று அரசும் அறிஞரும் எண்ணலாகாது.

செய்யத்தக்கவை சில உண்டு. மக்கள்தொகைக் கணக்கெடுப்பு, 10,000 பேருக்குக் குறைவானோர் பேசும் மொழிகளைத் தன் மொழிப் பட்டியலில் பெயர் சுட்டி வெளியிடுவதில்லை. அவ்வரம்பு நீங்கவேண்டும், எண்ணப்படாத மொழிக்கு நிதியும் இல்லை, ஆசிரியரும் இல்லை. பல்லாயிரவர் பேசும் நிக்கோபாரி இன்னும் வீடுகளில் வாழ்கிறது. ரோமன் எழுத்தில் நூல்களும் அதற்கு உள்ளன. புனைமொழிக்குக் கிடைத்த திரைக்கலையும் விளையாட்டும் அம்மக்களின் விருப்பத்தோடு அம்மொழிக்கும் கிடைக்கலாம். விருப்பம் என்ற சொல் இங்கே முதன்மையானது. சென்டினலீசியர் வெளியாரை விரும்புவதில்லை. அவர்களது மொழிக்குச் செய்யக்கூடிய ஒரே உதவி, விலகி நிற்பதுதான்.

அத்தீவுகளில் நூற்றுக்கு ஏறத்தாழ 15 பேர் தமிழைத் தாய்மொழியாகக் கொண்டவர்கள். கடல் கடந்தும் தம் பிள்ளைகள் தமிழில் பேசவேண்டும் என்று அவர்கள் விரும்புவது நியாயமே. அதே நியாயம் அம்மண்ணின் முதற்குடிகளுக்கும் உரியது என்று முதலில் குரல் எழுப்பவேண்டியவர்களும் அவர்களே.

தொல்காப்பியம் எழுத்ததிகாரத்தில் தொடங்குகிறது. ஆனால் அவ்வதிகாரம் பெரிதும் பேசுவது ஒலிகளையும் அவை பிறக்கும் இடங்களையும் பற்றியே. நெஞ்சு, பல், இதழ், நா, மூக்கு என்று உடலையே அது எண்ணுகிறது. எழுத்து என்ற சொல் ஒலியையும் குறித்த அம்மரபில் வந்தவர்களுக்கு, மொழியின் உயிர் எங்கே இருக்கிறது என்பதைப் புதிதாகச் சொல்லவேண்டியதில்லை. வீட்டில் ஒரு குழந்தை அதைப் பேசும்வரைதான் ஒரு மொழி வாழ்கிறது.