கமராவைத் தொட்டா கள்ள ஆட்டமாம்!

“செட்டிங்ஸைத் தொடாதை மச்சான், எல்லாரும் ஆடுற மாதிரி ஆடு.” என்பிஏ 2கே ஓடிக்கொண்டிருக்கிற எந்த அறைக்குள் போனாலும் இதைச் சொல்ல ஒருவர் இருப்பார். பெரும்பாலும் கொன்சோல் அவருடையது. ரீவியும் அவருடையதுதான். கமரா எங்க நிக்கவேணும், எவ்வளவு கிட்ட வரவேணும் எண்டதும் அவற்ற சொத்தாம். அண்மையில் நாங்கள் போன ஒரு சின்னப் போட்டியில் இதை விதியாகவே எழுதி ஒட்டியிருந்தார்கள்: கமராவை மாற்றினால் தகுதி இழப்பு. ஷூட்டிங் சிலைடரைக் கூட்டுவதையும் கமராவைப் பின்னால் தள்ளுவதையும் ஒரே வரியில் போட்டு, இரண்டுக்கும் ஒரே தண்டனை.

இரண்டும் ஒண்டா? சிலைடரைக் கூட்டினால் உள்ளே போகாத பந்து உள்ளே போகும். அது ஆட்டத்தையே மாற்றுகிறது, அதைத் தடை செய்யுங்கோ, சந்தோசம். கமராவைப் பின்னால் தள்ளினால் எந்தப் பந்தும் கூடுதலாக உள்ளே போகாது. அதே பத்துப் பேர், அதே வேகம், அதே 24 செக்கன். மாறுவது கண்ணுக்குத் தெரிகிற இடம் மட்டும்தான். “அப்ப கூடத் தெரியிறவனுக்கு லாபம்தானே?” எண்டு கேட்பீர்கள். ஒரே கொன்சோலில் பக்கத்தில் பக்கத்தில் இருந்து ஆடும்போது திரையும் ஒண்டு, கமராவும் ஒண்டு. அவனுக்குத் தெரிவதுதான் உனக்கும் தெரியுது. ஒன்லைனில் எண்டால் ஒவ்வொருவருக்கும் தன்ர தன்ர கமரா, விரும்பினமாதிரி வைக்கலாம். இதில் ஆர் ஆரை ஏமாத்துறது?

காட்சியைக் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்பம். என்பிஏ கோர்ட் 94 அடி நீளம், 50 அடி அகலம். கேமைப் போட்டவுடன் பெரும்பாலும் வருவது ‘புரோட்காஸ்ட்’ கோணம். பக்கவாட்டில், ஆக்கள் இருக்கிற வரிசைகளுக்கு மேலே இருந்து, ரீவியில் மெட்ச் காட்டுகிற அதே கோணம். சூமைக் கூட்டினால் வீரர்கள் பெரிசாவார்கள், கோர்ட் சின்னதாகும். கமரா பந்தோட ஓடும். பந்து இல்லாத பக்கத்து மூலையில் ஒருத்தன் தனிய நிண்டு கையைத் தூக்கிக்கொண்டிருப்பான், அவன் திரைக்கு வெளியே. அவனுக்குப் பாஸ் குடுக்கலாம் எண்ட எண்ணமே உங்களுக்கு வராது. தெரியாத ஆளுக்கு எப்படிப் பாஸ் குடுக்கிறது?

சூமுக்குப் பக்கத்திலேயே ‘உயரம்’ எண்டு இன்னொரு அளவு இருக்கு. பலர் அதைத் தொட்டே பார்த்திருக்க மாட்டினம். எவ்வளவு இடம் தெரியும் எண்டதைச் சூம் தீர்மானிக்கும். அந்த இடத்துக்குள் ஆளுக்கும் ஆளுக்கும் நடுவில் இருக்கிற வெளி தெரியுமா எண்டதை உயரம்தான் தீர்மானிக்கும். கமரா பதிவாக நிண்டால் ஏழடிச் சென்ரர் ஒருவர் தனக்குப் பின்னால் நிற்கிற இரண்டு பேரை முழுசா மறைச்சிடுவார். மேலே தூக்கினால் அவருக்குப் பின்னால் வெட்டி ஓடுகிறவன் தெரிவான், பாஸ் போகிற பாதை தெரியும், டிபென்ஸ் எந்தப் பக்கம் சாய்ஞ்சு நிக்குது எண்டதும் தெரியும். சூமை மட்டும் இரண்டு புள்ளி குறைச்சுப்போட்டு “ஒண்டும் வித்தியாசமில்லையே” எண்டு சொல்லுகிறவைக்கு எங்கட பதில் இதுதான்: உயரத்தையும் சேர்த்து ஏத்திப் பாருங்கோ, பிறகு கதைப்பம்.

அடுத்த கதை ‘ரியலிசம்’. தூரத்தில் இருந்து பார்த்தால் எறும்பு ஓடுற மாதிரி இருக்காம். கிட்ட இருந்தால்தான் உண்மையான கூடைப்பந்து மாதிரி இருக்காம். இந்தக் கதைக்கு எங்களுக்குப் பொறுமை இல்லை. ரீவிக் கோணம் கூடைப்பந்தைப் பார்க்கிறவைக்கு உருவாக்கினது, ஆடுகிறவைக்கு இல்லை. சாய்வுக் கதிரையில் இருந்து பார்க்கிறவருக்கு மூலையில் நிற்கிறவனைக் கண்டுபிடிக்கவேண்டிய வேலை இல்லை. அவருக்குப் பந்தும் முகமும் போதும். உண்மையான அணிகள் எங்கிருந்து பார்க்கின்றன தெரியுமா? 2013–14 பருவத்தில் இருந்து எல்லா என்பிஏ அரங்குகளிலும் கூரையோரம் ஆறு கமராக்களைப் பூட்டி, ஸ்போர்ட்வியூ எண்ட முறையால் பந்தையும் பத்து வீரரையும் செக்கனுக்கு 25 தடவை அளந்தார்கள். ஆட்டத்தை விளங்கிக்கொள்ள வேண்டியவர்கள் ஏறிப்போனது கூரைக்கு. நீங்கள் எறும்பு எண்டு பகிடி பண்ணுகிற அந்த உயரம்தான் அவர்களுக்கு ரியலிசம்.

கிட்ட வைச்ச கமரா எப்பவும் கூடாது எண்டு நாங்கள் சொல்லவில்லை. 1993 இல் வந்த என்பிஏ ஜாம் ஆடிப் பாருங்கோ. பக்கவாட்டுக் கமரா, வீரர்கள் திரையில் நல்ல பெரிசு, ஆனாலும் ஆட்டம் அருமை. ஏன்? அது இரண்டுக்கு இரண்டு. மொத்தமே நாலு பேர். 2001 இல் வந்த என்பிஏ ஸ்ட்ரீட் மூண்டுக்கு மூண்டு, ஆறு பேர். ஆள் குறைந்த கேம்கள் கமராவைக் கிட்ட கொண்டுவரலாம், ஒருவரும் காணாமல் போகமாட்டினம். ஐந்துக்கு ஐந்து ஆடுகிற கேமை அதே ஆசையோடு நெருங்கினால் மூண்டு பேரைத் தொலைச்சுப்போட்டு ஆடவேண்டியதுதான்.

அதோட, கூடைப்பந்தே அகண்டு போச்சு. முதலாவது என்பிஏ 2கே டிரீம்காஸ்டில் வந்தது 1999 இல். அந்த 1999–2000 பருவத்தில் ஒரு என்பிஏ அணி ஒரு மெட்சில் மூன்று புள்ளிக்காக எறிந்தது சராசரியாக 14 தடவை அளவில். 2018–19 இல் அது 32. இடையில் ஸ்டெபன் கறி எண்டவர் 2015–16 இல் தனி ஆளாக 402 மூன்று புள்ளிகள் போட்டு முடிச்சார். முந்தி ஆட்டம் வளையத்துக்குக் கீழே குவிஞ்சிருந்தது, கமரா அங்கயே நிண்டாலும் அரைவாசிக் கதை விளங்கும். இப்ப ஒருத்தன் இந்த மூலையில், இன்னொருத்தன் அந்த மூலையில், நடுவில் பந்து. மூலையில் மூன்று புள்ளிக் கோட்டுக்கும் பக்கக் கோட்டுக்கும் இடையில் இருப்பது மூன்றே மூன்று அடி. இண்டைய கூடைப்பந்தின் பாதி அந்த மூன்று அடிக்குள்தான் நடக்குது. உங்கட கமரா வெட்டி எறிகிறதும் சரியாக அந்த மூன்று அடியைத்தான்.

சரி, கிட்ட வைச்சு எதைப் பார்க்கிறீங்கள்? வியர்வை, சப்பாத்து, பச்சை குத்தல். இதிலயும் ஒரு வேடிக்கையான கதை இருக்கு. லெப்ரோன் ஜேம்ஸ் உட்பட மூன்று வீரர்களின் பச்சை குத்தல் வடிவங்களுக்கு உரிமை வாங்கி வைச்சிருந்த சொலிட் ஓக் ஸ்கெச்சஸ் எண்ட நிறுவனம், அவற்றை அப்படியே கேமில் வரைந்ததுக்காக 2கேயின் தாய்க் கம்பனி டேக்-டூ மீது 2016 இல் வழக்குப் போட்டது. 2020 மார்ச்சில் நியூயோர்க் நீதிமன்றம் டேக்-டூவுக்குச் சாதகமாகத் தீர்ப்புச் சொன்னது. சொன்ன காரணங்களில் ஒன்று, அந்தப் பச்சைகள் கேமில் நிஜ அளவின் 4.4 முதல் 10.96 வீதம் வரைதான் தெரியுது, ஆடுகிறவர் கவனிக்கிற அளவுக்கு அவை இல்லை எண்டது. கோட்டு வாசலில் “ஒருத்தருக்கும் தெரியாது ஐயா” எண்டு வாதாடி வெண்ட நுணுக்கத்துக்காகவா நாங்கள் மூலையில் நிக்கிற ஆளை இழக்கிறது? சப்பாத்து விசயத்தில் மட்டும் எங்களுக்கு ஒரு சந்தேகம் இருக்கு. கேமுக்குள் விசி எண்ட காசைக் குடுத்துச் சப்பாத்தும் உடுப்பும் வாங்கலாம், அந்த விசியை நிஜக் காசுக்கும் வாங்கலாம். வாங்கின சப்பாத்து கண்ணில் படவேணும்தானே.

எங்களில் ஒருவரின் தங்கச்சி முறையான பிள்ளை பள்ளிக்கூட அணியில் வலைப்பந்து ஆடினவள். வலைப்பந்தில் பந்தை வைச்சுக்கொண்டு ஓட ஏலாது, மூண்டு செக்கனுக்குள் கைமாத்திவிட வேணும். பந்து கைக்கு வர முதலே ஆர் எங்க நிக்கினம் எண்டு பார்த்து வைக்கிறது அந்தப் பிள்ளைகளுக்கு இரத்தத்தில் ஊறின பழக்கம். அவள் முதல்தரம் கொன்ரோலரைக் கையில் எடுத்து அரை நிமிசத்தில் கேட்ட கேள்வி: “மற்றாக்கள் எங்க அண்ணா?” அறை முழுக்கச் சிரிப்பு. நாலு பாஸ் வெளியே போனது. “உமக்கு இது சரிவராது” எண்டு ஒருத்தர் அன்பாகத்தான் சொன்னார், கொன்ரோலர் கைமாறியது. அந்த அறையில் கூடைப்பந்து மூளையோட கேட்ட ஒரே கேள்வி அவளுடையது. மற்ற எல்லாரும் வருசக்கணக்கா அதே கமராவோட ஆடி, காணாத இடத்தைக் காணாமலே சமாளிக்கப் பழகினவை. அந்தப் பழக்கத்துக்குப் பேர் திறமையாம்.

எங்கட கோபம் இதில்தான். புதுசா வாற ஒருத்தி, ஒருத்தன், தனக்குக் கை ஓடவில்லை, தனக்குக் கேம் விளங்காது எண்டு நினைச்சு எழும்பிப் போயினம். அவைக்குத் தெரியாதது ஒண்டே ஒண்டுதான்: ஆட்டத்தை நிப்பாட்டி, செட்டிங்ஸுக்குள் கமரா எண்ட பக்கத்தைத் திறந்தால் இரண்டு அளவுகள் இருக்கு, அவற்றை நகர்த்தலாம் எண்டது. தெரிஞ்சவர் சொல்லமாட்டார். ஏனெண்டா அவர் வெண்டுகொண்டிருக்கிறார்.

எவ்வளவு பின்னால் போகலாம் எண்டதுக்கு எல்லாருக்கும் பொதுவான ஒரு இலக்கம் கிடையாது. இணையத்தில் ஆரோ சொன்ன இலக்கத்தை அப்படியே போடாதீங்கோ. 55 அங்குல ரீவியில் அளவாயிருக்கிறது 14 அங்குல லாப்டொப்பில் உண்மையாவே எறும்புதான். பின்னால் போகப்போக ஒரு இழப்பும் இருக்கு. எறியும்போது எந்த நேரத்தில் விரலை எடுக்கிறது எண்டதை நிறையப் பேர் வீரனின் கையைப் பார்த்துத்தான் முடிவெடுக்கினம், மீற்றரை நிப்பாட்டிப்போட்டு ஆடுகிறவைக்கு வேற வழியும் இல்லை. கை தெரியாத தூரத்துக்குப் போனால் நீங்கள் கண்டுபிடிச்ச மூலை ஆள் எறிகிற பந்தும் வெளியேதான் போகும். நாங்கள் செய்கிறது இதுதான். ஒரு பயிற்சி ஆட்டத்தைப் போட்டு, மூன்று புள்ளி வளைவின் நடு உச்சியில் பந்தோட நிற்பது. இரண்டு மூலையில் நிற்கிறவையும் தலையில் இருந்து கால் வரை தெரியும்வரை சூமைக் குறைப்பது. பிறகு உயரத்தை ஏத்தி, வளையத்துக்குக் கீழே நிற்கிறவை ஒருவரையொருவர் மறைக்காத இடத்தில் நிப்பாட்டுவது. கடைசியாகப் பத்துப் பந்து எறிந்து பார்த்து, நேரம் பிடிபடாவிட்டால் ஒரு புள்ளி மட்டும் கிட்ட வருவது. ஐந்து நிமிச வேலை.

பார்வை குறைந்தவர்களுக்கு இதே அளவு மறுபக்கமாகத் தேவைப்படும். அவைக்குக் கிட்ட வந்தால்தான் ஆளே தெரியும், தூரக் கமரா அவையை ஆட்டத்துக்கு வெளியே தள்ளிவிடும். அதால்தான் “எல்லாரும் தூரக் கமரா வையுங்கோ” எண்டு நாங்கள் இன்னொரு கட்டளை போடப்போறதில்லை. கோணத்திலயும் அப்படித்தான். வளையத்தை நோக்கி முன்பின்னாகப் பார்க்கிற ‘2கே’ கோணம் தனிய ஆடுகிறவருக்குப் பொன். ஆனா ஒரே திரையில் இரண்டு பேர் மோதும்போது ஒருத்தர் கமராவுக்கு முதுகைக் காட்டி ஏறுவார், மற்றவர் கமராவை நோக்கி இறங்கவேணும். அங்கே பக்கவாட்டுக் கோணம்தான் நியாயம். கோணத்தைப் பொதுவாக வையுங்கோ, சூமையும் உயரத்தையும் ஆடுகிற இரண்டு பேரிடமும் விடுங்கோ. இரண்டு பேருக்கும் ஒத்துவராவிட்டால் முதல் பாதி ஒருவரின் அளவு, இரண்டாம் பாதி மற்றவரின் அளவு. ரீவி ஆருடையது எண்டதுக்கு இதில் வேலை இல்லை.

போட்டி நடத்துகிற அண்ணாமாருக்கு ஒரு வேண்டுகோள். அடுத்த அறிவித்தலில் சிலைடர் தடையை அப்படியே வையுங்கோ. கமரா வரியை வெட்டிப்போட்டு இப்படி எழுதுங்கோ: ‘ஒவ்வொரு மெட்சுக்கும் முதல் கமரா பார்க்க இரண்டு நிமிசம். முதல்தரம் ஆட வாறவர் முதலில் தெரிவு செய்வார்.’